கமக்கட்டில் ஐந்து நிமிடம்: வீட்டுக்கு ஒரு தேமோமீற்றர் தெரிவு செய்த விதம்

மாரி தொடங்கினால் யாழ்ப்பாணத்தில் காய்ச்சலும் தொடங்கும். ஐப்பசி மழைக்கு ஒழுங்கைகளில் தண்ணீர் தேங்க, நுளம்பு பெருகிவிடும். தைப்பொங்கல் கழியும் வரைக்கும் டெங்குப் பயம் போகாது. வயலும் வெள்ளமுமான ஊர்களில் எலிக்காய்ச்சல் வேறு. 2024 டிசெம்பரில் வடமராட்சிப் பக்கம் என்ன காய்ச்சல் என்றே தெரியாமல் சனம் அந்தரப்பட்டது. அது எலிக்காய்ச்சல் என்று பிறகுதான் உறுதியானது. இப்படியான ஊரில், வீட்டில் கிடக்கிற தேமோமீற்றர் சொல்வது சரியா பிழையா என்று தெரியாமல் இன்னொரு மாரிக்குள் போக எனக்கு மனமில்லை.

எங்கள் வீட்டில் எண்பது தாண்டிய அம்மம்மா இருக்கிறா. அக்காவின் மகனுக்கு இரண்டு வயது. அம்மம்மா தனக்குச் சுகமில்லை என்று வாய் திறந்து சொல்ல மாட்டா. சின்னவனுக்குச் சொல்லத் தெரியாது. நெற்றியில் கை வைத்து "மேல் சுடுகுது" என்று கண்டுபிடிக்கிற அம்மாவின் கை பெரிய உதவிதான். ஆனால் காலையில் இருந்ததைவிட மாலையில் கூடியதா குறைந்ததா என்று அந்தக் கை சொல்லாது. டொக்டர் கேட்பது அதைத்தான்.

அலுமாரி லாச்சியைத் திறந்து இருப்பதையெல்லாம் மேசையில் பரப்பினேன். அப்பாவின் காலத்துப் பாதரசத் தேமோமீற்றர் ஒன்று, அதன் பிளாஸ்ரிக் கூட்டோடு. வெவ்வேறு காலத்தில் வாங்கிய டிஜிற்றல் இரண்டு. 2020இல் கொரோனாக் காலத்தில் வாங்கிய, நெற்றிக்கு நேரே பிடிக்கிற கருவி. கனடாவிலிருந்து வந்த மச்சாள் விட்டுப்போன காதுக் கருவி. ஒரே ஆளுக்கு, ஒரே இருப்பில், இவை ஐந்தும் ஐந்து விதமாகக் காட்டின. புதிதாக ஒன்று வாங்கினால் ஆறாவது எண்தான் கிடைக்கும். அதனால் முதலில் இருப்பதைச் சோதிப்பது என்று முடிவெடுத்தேன்.

எதை நம்பி எதைச் சோதிப்பது? பாடசாலை ஆய்வுகூடத்து நீளக் கண்ணாடி வெப்பமானி இதற்கு உதவாது. அதில் கோடு பாகைக்கு ஒன்றுதான். எங்களுக்கு வேண்டியது பத்தில் ஒரு பாகை. அப்பாவின் பாதரசத் தேமோமீற்றரில் 35 முதல் 42 வரை ஒவ்வொரு பாகையும் பத்தாகப் பிரிந்திருக்கிறது. அதற்குப் பற்றரி இல்லை, மின்சுற்று இல்லை. கண்ணாடி வெடிக்காமலும் இழை அறாமலும் இருக்கிற வரைக்கும் அது இலகுவில் பிசகாது. ஆனாலும் அது ஒன்றை மட்டும் நம்பவில்லை. பாதரசம் வேலை செய்வது விரிவால். டிஜிற்றலின் முனையில் இருப்பது தேர்மிஸ்ரர், சூடு ஏற ஏற மின்தடை குறைகிற சின்ன மணி. இப்படி முற்றிலும் வேறு வேறு வழியில் அளக்கிற இரண்டு கருவிகள் ஒரே எண்ணைச் சொன்னால் அந்த எண்ணை நம்பலாம். என் சோதனை முழுவதும் இந்த ஒரு நியாயத்தில்தான் நின்றது.

தண்ணீரில்

மீன்காரர் ஐஸ் போட்டு வைக்கிற ரெஜிபோம் பெட்டி ஒன்று வீட்டில் இருந்தது. அதற்குள் ஒரு சருவச்சட்டியை இறக்கி, சுற்றி இருந்த இடைவெளியில் பழந்துணி அடைத்தேன். சூடு மெதுவாக இறங்கினால்தான் வாசிக்க நேரம் கிடைக்கும். கேத்தல் தண்ணீரையும் கிணற்றுத் தண்ணீரையும் கலந்து முக்காற்சட்டி நிரப்பினேன். முதலில் டிஜிற்றல் ஒன்றை மட்டும் வைத்துப் பார்த்து, 41க்குக் கீழே வந்த பிறகுதான் பாதரசத்தை இறக்கினேன். இதை யாராவது செய்து பார்ப்பதானால் இந்த ஒழுங்கை மாற்றவே கூடாது. 42க்கு மேல் போனால் பாதரசம் விரிய இடமில்லாமல் குமிழ் உடைந்துவிடும். பிறகு சட்டி, தண்ணீர், குசினி எல்லாவற்றிலும் பாதரசம்தான்.

பாதரசத்தையும் இரண்டு டிஜிற்றலையும் முனைகள் ஒரே மட்டத்தில் வர இறப்பர் வளையம் போட்டுக் கட்டினேன். இரண்டு விரல் ஆழத்துக்கு மட்டும் தண்ணீருக்குள். டிஜிற்றலின் கண்ணாடித் திரைப் பக்கம் நனையக் கூடாது, முனைகள் சட்டியின் சுவரில் முட்டவும் கூடாது. அகப்பையால் மெதுவாகக் கலக்கிக்கொண்டே இருந்தேன். கலக்காவிட்டால் மேலே சூடும் அடியில் ஆறலுமாகத் தண்ணீர் இரண்டாகப் பிரிந்து நிற்கும். அப்போது சோதிக்கப்படுவது தேமோமீற்றர் அல்ல, சட்டி.

மூன்று நிமிடம் விட்டு வெளியே எடுத்து வாசித்தேன். பாதரசத்தை வாசிக்க ஒரு பக்குவம் வேண்டும். கண் மட்டத்தில் கிடையாகப் பிடித்து, விரல்களுக்கு இடையே மிக மெதுவாக உருட்ட வேண்டும். ஒரு கோணத்தில் ஒன்றுமே தெரியாது. இன்னும் ஒரு மயிரிழை உருட்ட, வெள்ளிக் கோடு திடீரென்று அகலமாகித் தெரியும். அது முடிகிற இடம்தான் எண். குமிழுக்குச் சற்று மேலே குழாய் ஓரிடத்தில் ஒடுங்கியிருக்கும். சூட்டில் விரிகிற பாதரசம் அந்த ஒடுக்கத்தைத் தள்ளிக்கொண்டு மேலே போகும். ஆறும்போது இழை அந்த இடத்தில் அறுந்து, மேலே ஏறியது ஏறிய இடத்திலேயே நிற்கும். அதனால்தான் உடம்பில் இருந்து எடுத்த பிறகும் ஆறுதலாக வாசிக்கலாம். அதனால்தான் அடுத்த முறைக்கு முன்னர் உதறவும் வேண்டும். டிஜிற்றலும் இதே போலக் கண்ட உச்சத்தைத்தான் பிடித்து வைத்திருக்கும், அதை நிறுத்தித் திரும்பவும் போட வேண்டும். ஆறிக்கொண்டு போகிற தண்ணீரில் சோதிக்கிறவர் இதைக் கவனிக்காவிட்டால் எல்லாம் பழைய எண்ணையே காட்டிக்கொண்டிருக்கும்.

முதல் வாசிப்பில் பாதரசம் 38.8, முதலாவது டிஜிற்றல் 38.8, இரண்டாவது 38.4. கொஞ்சம் கிணற்றுத் தண்ணீர் விட்டுக் கலக்கி, உதறி, திரும்ப வைத்தபோது 37.1, 37.0, 36.7. நடுவில் எடுத்த எண்களும் இதே மாதிரித்தான் போயின. பாதரசமும் முதலாவது டிஜிற்றலும் பத்தில் ஒன்றுக்குள் ஒத்துப் போயின. நல்ல டிஜிற்றலின் கடுதாசியில் போட்டிருக்கிற வழுவும் அந்தப் பத்தில் ஒன்றுதான். இரண்டாவது டிஜிற்றல் எப்போதும் 0.3, 0.4 குறைத்தே காட்டியது.

அதற்குப் பற்றரிதான் காரணமோ என்று பார்த்தேன். பின்பக்க மூடியைக் கழற்ற நகம் போதாது. குண்டூசியால் ஓரத்தை நெம்பி இழுக்க, எல்.ஆர். 41 என்கிற பொத்தான் பற்றரி வெளியே வந்தது. எட்டு மில்லிமீற்றர்கூட அகலம் இல்லை. சக அடையாளம் உள்ள முகம் மேலே வரும்படி புதியதை வைத்து, மூடியைத் தள்ளி, திரையில் எல்லாக் கோடுகளும் ஒருதரம் எரிந்து அணைவதைப் பார்த்தேன். சோதித்ததில் மாற்றமில்லை, அதே குறைவு. அந்தக் கருவியைக் கழித்துவிட்டேன். பழைய பற்றரியை அந்த இடத்திலேயே கடுதாசியில் சுற்றிப் போத்தலுக்குள் போட்டேன். இரண்டு வயதுப் பிள்ளை இருக்கிற வீட்டில் பொத்தான் பற்றரி தரையில் ஒரு நிமிடம்கூடக் கிடக்கக் கூடாது. விழுங்கினால் உணவுக் குழாயை எரித்துவிடும்.

நெற்றிக் கருவியைத் தண்ணீரில் சோதிக்க முடியாது. தண்ணீரின் மேற்பரப்பு ஆவியாகி ஆறிக்கொண்டே இருப்பதால், உள்ளே உள்ள சூட்டைவிட அது குறைத்துத்தான் காட்டும். பத்து செக்கனில் முடிக்கிற டிஜிற்றல்களும் இந்தச் சோதனைக்குச் சரிவராது. அவை முழுச் சூடு ஏறும்வரை காத்திருப்பதில்லை. ஏறுகிற வேகத்தைப் பார்த்து எங்கே போய் முடியும் என்று கணக்குப் போட்டுச் சொல்கின்றன. அந்தக் கணக்கு உடம்பின் சூடேற்றத்துக்கு எழுதப்பட்டது, சட்டித் தண்ணீருக்கு அல்ல.

உடம்பில்

தண்ணீரில் பாதரசத்தோடு கூடவே நின்ற அந்த நல்ல டிஜிற்றலை என் கமக்கட்டில் வைத்தபோதுதான் விசயம் வெளித்தது. ஒரு நிமிடத்துக்குக் கிட்ட பீப் அடித்தது, திரையில் 36.2. வழக்கமாக எல்லாரும் எடுத்துப் பார்க்கிற இடம் அது. எடுக்காமல் கையை இறுக்கிக்கொண்டு மணிக்கூட்டைப் பார்த்திருந்தேன். இரண்டு நிமிடத்தில் 36.5. மூன்றில் 36.7. ஐந்தில் 36.8. அதற்குப் பிறகு அசையவில்லை.

தண்ணீர் முனையைச் சுற்றிவர மூடிக்கொள்ளும், அதனால் சூடு உடனே ஏறும். கமக்கட்டு அப்படியல்ல. கை விரித்திருந்தபோது காற்றுப் பட்டு ஆறிய தோல், மூடிய பிறகுதான் உள்ளிருந்து மெல்லச் சூடேறி உடம்பின் சூட்டுக்குக் கிட்ட வரும். பீப் சத்தம் சொல்வது "முடிந்தது" என்பதை அல்ல, "ஏறுகிற வேகம் குறைந்துவிட்டது" என்பதை மட்டும்தான். 0.6 பாகை சின்னதாகத் தெரியலாம். ஆனால் உண்மையில் 37.9 உள்ள பிள்ளைக்கு 37.3 என்று எழுதிவிட்டுப் படுக்கப் போவதும் அதே 0.6தான். எங்கள் வீட்டில் எண்கள் ஒத்துப் போகாததற்குப் பெரும் பகுதி கருவியின் குற்றம் அல்ல, எடுத்த விதம்தான்.

எல்லா டிஜிற்றலும் பீப்புக்குப் பிறகு ஏறாது. சில, அடித்ததும் எண்ணைப் பூட்டிவிடும். ஆகவே வாங்க முன்னர் கேட்க வேண்டிய கேள்வி எனக்குக் கிடைத்துவிட்டது.

கமக்கட்டை முதலில் துணியால் ஒற்றி வியர்வை எடுக்க வேண்டும், அழுத்தித் தேய்க்கக் கூடாது. முனை குழியின் நடுவில், மேல்நோக்கி நிற்க வேண்டும். சட்டைத் துணி இடையில் வரக் கூடாது. கையை மார்போடு அணைத்து மற்றக் கையால் முழங்கையைப் பிடித்துக்கொள்ள வேண்டும். குளித்த உடனும், வெயிலில் சைக்கிள் ஓடி வந்த உடனும் பார்க்கக் கூடாது. சின்னவனை அக்கா மடியில் பக்கவாட்டில் இருத்தி, அவன் கையைத் தன் கையால் அணைத்துக்கொண்டு காகம் வடை தூக்கின கதையைச் சொன்னா. நரி வந்து சேர்வதற்குள் ஐந்து நிமிடம் ஆகிவிட்டது. இதைவிட நல்ல முறை எனக்குத் தெரியவில்லை.

வாயில் பார்த்தால் கமக்கட்டைவிட ஏறத்தாழ அரைப் பாகை கூடும், நேரமும் குறைவு. ஆனால் நாக்கின் கீழ் வைத்து வாயை மூடியிருக்க வேண்டும், அது சின்னப் பிள்ளையால் ஆகாது. எங்கள் ஊரில் காய்ச்சல்காரருக்குக் கையோடு மல்லித் தண்ணீரோ தேத்தண்ணீரோ வந்துவிடும், அது குடித்தால் அரை மணி பொறுக்க வேண்டும். பிரித்தானிய வழிகாட்டல் ஐந்து வயதுக்குக் குறைந்த பிள்ளைகளுக்கு வாயையும் குதத்தையும் தவிர்த்துக் கமக்கட்டைச் சொல்கிறது. அமெரிக்கக் குழந்தை மருத்துவர்கள் கைக்குழந்தைக்குக் குதத்தில் பார்ப்பதையே திருத்தம் என்கிறார்கள். வீட்டில் எங்கள் கைக்கு இசைவது கமக்கட்டு, அதையே எல்லாருக்கும் ஒரே இடமாக வைத்துக்கொண்டோம். இடம் மாறினால் எண்ணும் மாறும். காலையில் வாயிலும் மாலையில் கமக்கட்டிலும் எடுத்துவிட்டுக் காய்ச்சல் குறைந்துவிட்டது என்று சொல்ல முடியாது.

நெற்றிக் கருவியைப் பற்றிக் கொஞ்சம் கூடச் சொல்ல வேண்டும். கூட விலை கொடுத்து அதைத்தான் பலர் வாங்குகிறார்கள், பிள்ளை நித்திரையாக இருக்கும்போது பார்க்கலாம் என்று. அது அளப்பது தோலில் இருந்து வருகிற அகச்சிவப்புக் கதிரை. தோலின் உண்மையான சூடு 33, 34, 35 அளவில்தான் இருக்கும். கருவி அதற்கு மேல் ஒரு கணக்கைக் கூட்டி 36.5 என்று உடம்பின் சூடாகக் காட்டுகிறது. எங்களுடைய கருவியில் பொத்தானை அழுத்தி மேற்பரப்பு நிலைக்கு மாற்றி அதே நெற்றியைப் பார்த்தபோது 34.4 வந்தது. மதிய வெயிலில் கொடியில் உடுப்புக் காயப்போட்டுவிட்டு வந்து பார்த்தேன், 37.7. விறாந்தையில் மின்விசிறிக்குக் கீழே இருந்து வியர்வை ஆறிய பிறகு 36.1. இரண்டு தரமும் கமக்கட்டு 36.8, 36.9தான். உடம்பின் சூடு மாறவே இல்லை, மாறியது நெற்றி.

இதில் ஆபத்தான பக்கம் குறைத்துக் காட்டுவது. காய்ச்சல் ஏறத் தொடங்கும்போது நடுக்கம் வரும், கைகால் சில்லிடும். உடம்பு உள்ளே சூட்டைச் சேர்க்கத் தோலுக்கு வருகிற இரத்தத்தைச் சுருக்கிவிடுவதால்தான் அப்படி. அந்த நேரம் உள்ளே சூடு ஏறிக்கொண்டிருக்க, நெற்றி ஆறிப்போயிருக்கும். பிள்ளை போர்வைக்குள் நடுங்குகிறான், கருவி பச்சை விளக்கு எரிக்கிறது. இந்த ஒரு காரணத்துக்காகவே அதை எங்கள் வீட்டின் முதற் கருவியாக வைக்க மாட்டேன். நித்திரையில் சும்மா ஒருதரம் பார்ப்பதற்கு வைத்துக்கொள்ளலாம். அதுவும் அதே அறையில் அரை மணி இருந்த கருவியாக, வியர்வை ஒற்றிய நெற்றியில், கடுதாசியில் சொன்ன தூரத்தில். சந்தேகம் வந்தால் உடனே கமக்கட்டு.

காதுக் கருவி கையாளத் தெரிந்தவர்களுக்கு நல்லது. மூளையில் உடம்பின் சூட்டைக் கட்டுப்படுத்துகிற பகுதிக்குப் போகிற இரத்தக்குழாய்க்குக் கிட்டத்தான் செவிப்பறைக்கும் இரத்தம் வருகிறது. ஆனால் காது மடலை மேலும் பின்னுமாக இழுத்து வழியை நேராக்காவிட்டால் கருவி பார்ப்பது செவிப்பறையை அல்ல, காதுச் சுவரை. ஆறு மாதத்துக்குக் குறைந்த பிள்ளைக்குச் சரிவராது. மச்சாளின் கருவிக்கு ஒவ்வொரு முறையும் ஒரு புது உறை போட வேண்டும். அவ தந்த உறைகள் முடிகிற நிலை. இங்கே கடைகளில் கேட்டேன், இல்லை. உறை கிடைக்காத கருவியை நம்பி மாரிக்குள் போக முடியாது.

அம்மம்மாவின் எண்

சாதாரண உடம்புச் சூடு 37 என்று பள்ளிக்கூடத்தில் படித்தோம். ஜேர்மனியின் லைப்சிக் நகரில் வுண்டர்லிச் என்கிற மருத்துவர் ஏறத்தாழ 25,000 நோயாளிகளின் கமக்கட்டில் எடுத்த அளவுகளை வைத்து 1868இல் எழுதிய புத்தகத்தில் இருந்துதான் அந்த எண் உலகமெங்கும் பரவியது. அவருடைய தேமோமீற்றர் ஓரடி நீளம், ஒருதரம் பார்க்க 15, 20 நிமிடம். 1992இல் அமெரிக்காவில் மக்கோவியாக் என்பவரும் கூட்டாளிகளும் சுகதேகிகளின் வாயில் எடுத்துப் பார்த்தபோது சராசரி 36.8 ஆக இருந்தது. வுண்டர்லிச் பாவித்ததாகச் சொல்லப்படுகிற தேமோமீற்றர் ஒன்றைப் பின்னர் சோதித்தபோது, அது இன்றைய கருவிகளைவிடக் கூட்டிக் காட்டியது. விடியற்காலையில் எல்லாருக்கும் குறைவு, பின்னேரம் நாலு மணியிலிருந்து ஆறு மணிக்குள் கூட. அந்த வித்தியாசமே அரைப் பாகை வரும்.

ஆகவே புத்தகத்து எண்ணைவிட, சுகமாக இருக்கும்போது வீட்டில் ஒவ்வொருவருக்கும் வருகிற எண் முக்கியம். அம்மம்மாவுக்கு எடுக்கப் போனபோது "எனக்கென்ன பிள்ளை, நல்லாத்தானே இருக்கிறன்? காய்ச்சல்காரருக்குப் பார்" என்றா.

"நல்லா இருக்கேக்கை பாத்து வச்சால்தான் அம்மம்மா, காய்ச்சல் வரேக்கை தெரியும்."

"அப்ப கெதியாப் பார், அடுப்பில உலை கொதிக்குது."

உலையை அக்கா பார்த்துக்கொண்டா. காலையில் 36.0, பின்னேரம் 36.5. வேறு நாட்களிலும் இதற்குக் கிட்டத்தான். வயதானவர்களுக்கு அடிச்சூடு குறைவு, தொற்று வந்தாலும் இளம் ஆட்களைப் போல உயர ஏறாது. அவர்களின் வழக்கமான அளவைவிட 1.1 பாகைக்கு மேல் ஏறினாலே காய்ச்சலாக எடுக்க வேண்டும் என்பது முதியோரைப் பராமரிக்கும் இடங்களுக்கான மருத்துவ வழிகாட்டல். அந்தக் கணக்கில் அம்மம்மாவுக்குக் காலையில் 37.2 என்றால் நாங்கள் விழிப்பாக வேண்டும். 38 வரட்டும் என்று பார்த்திருந்தால் பிந்திவிடும். சின்னவனுக்குக் கமக்கட்டில் 37.5 என்பது எங்கள் கோடு. உலக சுகாதார நிறுவனத்தின் குழந்தைநோய் வழிகாட்டலும் கமக்கட்டுக்கு அதையே சொல்கிறது. மூன்று மாதத்துக்குக் குறைந்த குழந்தை உள்ள வீடென்றால், காய்ச்சல் கண்டவுடன் பனடோல் கொடுத்துப் பார்ப்போம் என்று நிற்காமல் நேரே ஆஸ்பத்திரிக்குத்தான்.

அம்மம்மாவுக்கும் அம்மாவுக்கும் பரனைற்தான் பழக்கம். "நூற்றி ரெண்டு" என்றால்தான் அவர்களுக்குக் காய்ச்சல். அலுமாரிக் கதவில் ஒரு துண்டில் எழுதி ஒட்டினேன்: 37.5 என்றால் 99.5, 38 என்றால் 100.4, 39 என்றால் 102.2, 40 என்றால் 104. பல டிஜிற்றல்களில் பொத்தானை அழுத்திப் பிடித்தால் ஒன்றிலிருந்து மற்றதுக்கு மாறும். தற்செயலாக மாறிப்போய்த் திரையில் 98 என்று கண்டு வீட்டில் ஆரும் பதறாமல் இருக்கவும் அந்தத் துண்டு வேண்டும்.

கடையில்

கழித்த டிஜிற்றலுக்குப் பதிலாக ஒன்று வாங்க ஆஸ்பத்திரி வீதிப் பக்கம் போனேன். பார்மசியில் நின்ற தம்பி முதலில் நெற்றிக் கருவியைத்தான் எடுத்து வைத்தார். வேண்டாம் என்றதும், "இது பத்து செக்கன் அக்கா, டக்கெண்டு காட்டும்" என்று டிஜிற்றல் ஒன்றை நீட்டினார்.

"தம்பி, பீப் அடிச்ச பிறகும் எண் ஏறுமா, அதிலயே நிண்டிடுமா?"

அவர் அப்படி ஒரு கேள்வியை எதிர்பார்க்கவில்லை. ஆனால் சலிக்காமல் இரண்டு மூன்று பெட்டிகளைப் பிரித்துக் கடுதாசிகளை விரித்துப் பார்த்தார். ஒன்றில், கமக்கட்டில் பார்க்கும்போது பீப்புக்குப் பிறகும் சில நிமிடம் வைத்திருந்தால் கூடத் திருத்தமாக வரும் என்று போட்டிருந்தது. விலையும் அதுதான் குறைவு. வழு 0.1 பாகை என்று எழுதியிருக்கிறதா, பற்றரி எங்கள் ஊரில் கிடைக்கிற எல்.ஆர். 41 தானா, மூடி கழற்றக்கூடியதா, முனை நீர் புகாததா, கடைசி அளவை நினைவில் வைக்குமா என்பவற்றை நின்ற இடத்திலேயே பார்த்தேன். முனை வளைகிற வகை சின்னப் பிள்ளைக்கு நல்லது, உறுத்தாது. பெட்டியில் இறக்குமதி செய்தவரின் பெயரும் முகவரியும் இருக்க வேண்டும். மருத்துவக் கருவிகள் இலங்கையில் தேசிய ஔடதங்கள் ஒழுங்குபடுத்தும் அதிகாரசபையின் கீழ் வருகின்றன. பெயர் ஊர் இல்லாத பெட்டியை வாங்க வேண்டிய தேவை எவருக்கும் இல்லை.

கண்ணாடியில்தான் வேண்டும் என்பவர்களுக்குக் கலியம், இந்தியம், வெள்ளீயம் கலந்த திரவம் உள்ள தேமோமீற்றர்கள் உலகச் சந்தையில் இருக்கின்றன. பாதரசம் போலவே வேலை செய்யும், உதறுவதற்குத்தான் கூடப் பலம் வேண்டும். பாதரசத் தேமோமீற்றரை இனிப் புதிதாக வாங்குவது சரியல்ல. மினமாட்டா உடன்படிக்கை 2013இல் கையெழுத்தாகி 2017இல் நடைமுறைக்கு வந்தது. அதன்படி பாதரசத் தேமோமீற்றர் உற்பத்தியையும் ஏற்றுமதி இறக்குமதியையும் 2020உடன் நிறுத்துவதென்று நாடுகள் ஒத்துக்கொண்டிருக்கின்றன.

புதியதைக் கொண்டுவந்த அன்றே அதே சட்டி, அதே ரெஜிபோம் பெட்டி. பாதரசத்தோடு 39.0இலும் 37.6இலும் ஒத்து நின்றது, கீழே 36.4இல் பத்தில் ஒன்று குறைவு. எனக்கு அது போதும். கமக்கட்டில் ஐந்து நிமிடம் வைத்தபோது பழைய நல்லதும் புதியதும் ஒரே எண்ணுக்கு வந்தன. இப்போது ஒன்று அம்மம்மாவின் அறையில், மற்றது அக்காவிடம். முனையைச் சவர்க்காரத் தண்ணீரில் கழுவி, ஸ்பிரிட் பஞ்சால் துடைத்து வைக்கிறோம். கொதிதண்ணீர் காட்டுவதில்லை.

அதோடு ஒரு கொப்பி. ஆள், நேரம், அளவு, பனடோல் கொடுத்த நேரம், சிறுநீர் போனதா என்று பத்திகள். அளவை எப்போதும் பனடோலுக்கு முன்னர் எடுக்க வேண்டும். கொடுத்து ஒன்றிரண்டு மணியில் எடுத்த குறைந்த எண் மருந்தின் வேலையைக் காட்டும், நோயின் போக்கைக் காட்டாது. டெங்குக் காலத்தில் இந்தக் கொப்பிதான் எல்லாவற்றிலும் பெறுமதி. 2017இல் இலங்கையில் 186,000 பேருக்கு மேல் டெங்கு என்று பதிவானது. அப்போதிருந்து, காய்ச்சல் மூன்றாம் நாளைத் தொட்டால் இரத்தம் சோதிக்க வேண்டும் என்பது எங்கள் வீடுகளில் எல்லாருக்கும் தெரியும். தெரிந்தும் பலர் தவறவிடுவது காய்ச்சல் விடுகிற நேரத்தை. டெங்கில் சூடு 38க்குக் கீழே இறங்குகிற அந்த நேரத்தில்தான் இரத்தக் குழாயிலிருந்து நீர் கசிகிற ஆபத்துக் கட்டம் தொடங்கலாம். எண் நல்லாகிவிட்டது, ஆனால் பிள்ளை சோர்ந்து கிடக்கிறான், வயிற்று நோ என்கிறான், சத்தி எடுக்கிறான், சிறுநீர் குறைந்துவிட்டது என்றால் தேமோமீற்றரைத் திரும்ப வைத்துக்கொண்டு நிற்காமல் ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டும். டெங்குச் சந்தேகம் உள்ளபோது காய்ச்சலுக்குப் பரசிற்றமோலைத் தவிர ஐபுபுரோபனோ அஸ்பிரினோ கொடுக்கக் கூடாது என்பதையும் கொப்பியின் முன்மட்டையில் பெரிதாக எழுதியிருக்கிறேன்.

அப்பாவின் பாதரசத் தேமோமீற்றர் இனி ஆரின் உடம்புக்கும் போகாது. அதன் வேலை வருடத்தில் ஒருதரம், ஐப்பசிக்கு முன்னர், சட்டித் தண்ணீரில். கூட்டோடு சேர்த்துப் பஞ்சு சுற்றி, திருகுமூடிப் போத்தலுக்குள் போட்டு, சின்னவனுக்கு எட்டாத மேல்தட்டில் வைத்தாயிற்று. உடைந்தால் செய்ய வேண்டியதையும் போத்தலிலேயே ஒட்டினேன்: பிள்ளைகளை வெளியே அனுப்பி யன்னல்களைத் திறக்க வேண்டும். மோதிரம், காப்பு, தாலிக்கொடி எல்லாம் கழற்றிவிட வேண்டும், பாதரசம் பொன்னில் ஒட்டிப் பிடித்துக்கொள்ளும். விளக்குமாறு போடக் கூடாது, அது உருண்டைகளைப் பொடியாக்கிப் பரப்பும். தடித்த மட்டையால் உருண்டைகளைக் கூட்டி, மிச்சத்தை ஒட்டு நாடாவால் ஒற்றி எடுத்து, போத்தலில் போட்டு இறுக மூட வேண்டும். தொட்டியிலோ கிணற்றடியிலோ ஊற்றக் கூடாது. எங்கள் சுண்ணாம்புக்கல் நிலத்தில் ஊற்றியது எதுவும் கிணற்றுக்குத்தான் போய்ச் சேரும்.

டிஜிற்றலில் பற்றரி மாற்றினாலும், கீழே விழுந்து அடிபட்டாலும் ஐப்பசி வரைக்கும் பொறுக்கத் தேவையில்லை, அன்றே ஒருதரம் சட்டியில் வைத்துப் பார்த்துவிடலாம். மாற்றுப் பற்றரி இரண்டு கொப்பியின் பின்மட்டையில், பிரிக்காத உறையோடு ஒட்டியிருக்கிறது. கொப்பியும் மேல்தட்டில்தான்.